மிடில்-எர்த்தின் ரூன்கள்: டோல்கீன் கட்டிய பழங்கால மறையெழுத்து

ஜே. ஆர். ஆர். டோல்கீனின் 'தி ஹாபிட்' 1937 செப்டம்பர் 21 அன்று லண்டனில் வெளிவந்தபோது, அதன் மேலுறை ஓரம் முழுவதும் கோடுகளால் ஆன விநோதக் குறிகள் ஓடின. உள்ளே குள்ளர்களின் புதையல் மலையைக் காட்டும் வரைபடம் ஒன்று. அதிலும் அதே குறிகள். 1954இல் 'தி லார்ட் ஆஃப் த ரிங்ஸ்' நாவலின் முதல் பாகம் வந்தது. அதன் தலைப்புப் பக்கத்தில் மேலே ஒரு வரி, கீழே சில வரிகள். இரண்டும் வெவ்வேறு எழுத்தில், வாசகர் அறியாத எழுத்தில். கற்பனை உலகம் ஒன்றுக்காகச் செய்யப்பட்ட பழங்கால எழுத்துகளில் இவ்வளவு பொறுப்போடு கட்டப்பட்டவை மிகக் குறைவு. பார்வைக்கு இவை மறையெழுத்துகள். ஆனால் ரகசியம் காப்பது இவற்றின் வேலை அல்ல. பொறுமையுள்ள வாசகர் உடைத்துப் படிக்க வேண்டும் என்ற எண்ணத்தோடுதான் இவை செய்யப்பட்டன. இந்த எண்ணம் எழுத்துகளின் அமைப்பை எப்படித் தீர்மானித்தது, எந்த இடத்தில் ஆசிரியரையே மாட்டிவிட்டது என்பவை இங்கே விளக்கப்படுகின்றன.

டோல்கீனுக்குச் சங்கேதப் பழக்கம் சிறுவயதிலேயே தொற்றியது. அவருடைய ஒன்றுவிட்ட சகோதரிகளான மேரி, மார்ஜரி இன்கிள்டன் இருவரும் 'அனிமாலிக்' என்றொரு பேச்சை வைத்திருந்தார்கள். விலங்கு, பறவைப் பெயர்களைக் கொண்டே எல்லாவற்றையும் சொல்வது அதன் விதி. அதில் 'நாற்பது' என்றால் கழுதை; 'கழுதை' என்றால் நாற்பது. நன்னூல் குழூஉக்குறி என்று வகுக்கும் இனம் இதுதான்: பொற்கொல்லர் பொன்னைப் 'பறி' என்பதுபோல, கூட்டத்தாருக்கு மட்டும் புரியும் சொல்மாற்று. அடுத்து 'நெவ்பாஷ்' வந்தது. அதற்குப் பிறகு, ஸ்பானிய மொழியின் சாயலோடு டோல்கீன் தனியாகவே செய்துகொண்ட 'நஃபாரின்'. 1909இல் அவர் வைத்திருந்த ஒரு சிறு குறிப்பேட்டில் சாரணர்களுக்கான தனிச் சங்கேதம் ஒன்று எஸ்பெராண்டோ மொழியில் விளக்கப்பட்டிருக்கிறது. ரூனைப் போன்ற ஒலியெழுத்துகள் அதில் அப்போதே இருக்கின்றன.

போர் இந்த விளையாட்டைத் தொழிலாக்கியது. லங்காஷயர் ஃபியூசிலியர்ஸ் படைப்பிரிவில் சேர்ந்த டோல்கீன், சைகைத் தொடர்பு அதிகாரியாகப் பயிற்சி பெற்றார். மோர்ஸ், கொடி, விளக்கு, களத் தொலைபேசி, தூதுப்புறா எல்லாம் அந்தப் பாடத்தில் அடக்கம். 1916இல் பிரான்சுக்குப் போனபோது ராணுவத் தணிக்கைக்குத் தப்பி மனைவி ஈடித்துக்குத் தாம் இருக்கும் இடத்தைச் சொல்ல, கடிதங்களில் புள்ளி வைக்கும் முறை ஒன்றைக் கையாண்டார். ஈடித் வீட்டுச் சுவரில் ஒரு வரைபடத்தை மாட்டி, கணவர் நகர்ந்த வழியை அதில் குறித்து வந்தார். இரண்டாம் உலகப்போர் நெருங்கிய 1939 மார்ச்சில் பிரிட்டிஷ் அரசின் சங்கேதத் துறை அவருக்கு நான்கு நாள் பயிற்சி அளித்தது. அதே ஆண்டு அக்டோபரில் அவருடைய சேவை தேவையில்லை என்று சொல்லிவிட்டார்கள். அத்துறை போர்க்காலத்தில் இயங்கிய பிளெச்லி பூங்காவுக்கு அவர் போகவில்லை. அந்த வேளையில் 'லார்ட் ஆஃப் த ரிங்ஸ்' எழுதத் தொடங்கியிருந்தார் என்பதால், வாசகர்கள் அந்த முடிவைக் குறை சொல்ல மாட்டார்கள்.

'தி ஹாபிட்' குறிகள் டோல்கீனின் சொந்தக் கண்டுபிடிப்பு அல்ல. அவை பழைய ஆங்கிலத்தின் ரூன்கள். 1925 முதல் 1945 வரை ஆக்ஸ்ஃபோர்டில் ஆங்கிலோ-சாக்சன் பேராசிரியராக இருந்த அவருக்கு அந்த எழுத்து அன்றாடப் பாடம். ரூன்கள் மரத்திலும் கல்லிலும் எலும்பிலும் வெட்டுவதற்காகப் பிறந்தவை. வளைவைத் தவிர்த்து, நேர்க்கோட்டையும் சாய்கோட்டையும் வைத்தே அவை ஓடுகின்றன. மரத்தின் நார் ஓடும் திசையில் கோடு போட்டால் பிளந்துவிடும் அல்லது கண்ணுக்குத் தெரியாது.

ரூன்களை மறையெழுத்தாகப் பயன்படுத்துவதும் பழைய வழக்கமே. சினிவுல்ஃப் என்னும் பழைய ஆங்கிலக் கவிஞர் தம் நான்கு கவிதைகளின் உள்ளே ரூன்களைப் பதித்துத் தம் பெயரை விட்டுச் சென்றார். ஸ்கான்டிநேவியாவில் இன்னும் கணக்காக ஒரு முறை இருந்தது. அங்கே 16 ரூன்கள் மூன்று குடும்பங்களாகப் பிரிக்கப்பட்டிருந்தன: முதலில் ஆறு, பிறகு ஐந்து, ஐந்து. ஓர் எழுத்தை எழுதுவதற்குப் பதிலாக 'எந்தக் குடும்பம், அதில் எத்தனையாவது' என்ற இரண்டு எண்களைக் குறித்தால் போதும். நடுக்கோட்டின் ஒரு பக்கம் இரண்டு கிளை, மறுபக்கம் நான்கு கிளை என்று வரைந்தால் ஓர் எழுத்து கிடைத்துவிடும். படிப்பவருக்கு வரிசை மனப்பாடமாக இருக்க வேண்டும், அவ்வளவுதான் சாவி. ஸ்வீடனில் 9ஆம் நூற்றாண்டில் நட்ட ரோக் கல்லில் இந்த எண்முறையும் இருக்கிறது, ஓர் எழுத்துக்குப் பதில் வரிசையில் அதற்கு முந்திய எழுத்தைப் போடும் முறையும் இருக்கிறது. கல்லில் வாழ்ந்த இம்மரபு டோல்கீனின் துறைக்கு அண்டை வீடு.

'தி ஹாபிட்' மேலுறையில் நடப்பது இதைவிட எளிது. ஆங்கில எழுத்துக்குப் பதில் ரூன், மொழி ஆங்கிலமேதான். புத்தகத்தின் முழுப் பெயரும், பில்போ பேகின்ஸ் என்பவரின் ஓராண்டுப் பயணப் பதிவு அது என்ற விளக்கமும், ஆசிரியர் பெயரும், ஆலன் அண்ட் அன்வின் பதிப்பகத்தின் பெயரும் அந்த ஓரத்தில் ஓடுகின்றன. உடைப்பதற்கு வாசகருக்கு வழியும் இருந்தது. புத்தகத்தின் பெயர் சாதாரண எழுத்தில் அட்டையிலேயே இருக்கிறது. ஆங்கில எழுத்துக்கூட்டலில் 'ஹாபிட்' என்ற சொல்லின் நடுவில் 'பி' அடுத்தடுத்து இரண்டு முறை வரும். ரூன் வரிசையில் ஒரே குறி இரட்டித்து நிற்கும் ஆறு குறிச் சொல்லைக் கண்டுபிடித்தால் ஹெச், ஓ, பி, ஐ, டி ஐந்தும் கையில். அதற்கு முன் நிற்கும் சொல் இரண்டே குறிகளில் முடிவது முதலில் குழப்பும். ஆங்கிலத்தின் 'தி' மூன்று எழுத்து. ரூனிலோ 'டி-ஹெச்' இரண்டுக்கும் சேர்த்து 'தார்ன்' என்னும் ஒற்றைக் குறி. எழுத்துக்கு எழுத்து என்று எண்ணிக்கொண்டு போகிறவர் தடுக்கும் இடம் இது. ஒரு மொழியில் எந்த எழுத்து அடிக்கடி வரும் என்று எண்ணிச் சங்கேதத்தை உடைக்கும் முறையை 9ஆம் நூற்றாண்டிலேயே பாக்தாதின் அல்-கிந்தி எழுதிவைத்தார். அந்த எண்ணிக்கைக்கும் தார்ன் கொஞ்சம் இடக்கு செய்யும், தடுத்து நிறுத்தாது.

வரைபடத்தில் இரண்டு செய்திகள். ஒன்று வெளிப்படையானது: ரகசியக் கதவு ஐந்தடி உயரம், மூன்று பேர் பக்கம் பக்கமாக நுழையலாம். மற்றது நிலவெழுத்து. எல்ஃப் இனத் தலைவர் எல்ராண்ட் அந்த வரைபடத்தை நிலவொளியில் தூக்கிப் பிடிக்கும் வரை அது யார் கண்ணிலும் படவில்லை. எந்தப் பருவத்தில், எந்த வடிவ நிலவின் கீழ் எழுதப்பட்டதோ, அதே பருவத்தில் அதே வடிவ நிலவு காய்ந்தால்தான் அது தெரியும். வெள்ளிப் பேனாவால் குள்ளர்கள் எழுதுவது அது. பிறை நிலவு, நடுக்கோடை முந்தைய நாள் இரவு என்ற இரண்டும் ஒருங்கே வாய்த்ததால்தான் கதை நகர்கிறது.

இங்கே ஒரு வேறுபாட்டைக் கவனிக்க வேண்டும். சங்கேதக் கலையில் இரண்டு வழிகள் உண்டு. செய்தி கண்ணுக்குத் தெரியும், பொருள் தெரியாது என்பது ஒன்று. செய்தி இருப்பதே தெரியாது என்பது மற்றொன்று. அடிமையின் தலையை மழித்துச் செய்தியைப் பச்சை குத்தி, முடி வளர்ந்த பிறகு அனுப்பிய கதையை ஹெரோடோட்டஸ் சொல்லியிருக்கிறார். டோல்கீனின் உலகில் ரகசியம் காக்க வேண்டிய இடங்களில் எல்லாம் இரண்டாம் வழியே வருகிறது. வரைபடத்தில் நிலவெழுத்து. குள்ளர்களின் நிலத்தடி நகரான மோரியாவின் மேற்கு வாசலில் நிலவொளியிலும் விண்மீன் ஒளியிலும் மட்டும் மின்னும் 'இதில்தின்' உலோகக் கோடுகள். மாய மோதிரத்தில் நெருப்பில் காட்டினால் மட்டும் எழும் வரி. ஒளி கிடைத்துவிட்டால் எழுத்து தெரிந்துவிடும். தெரிந்தபின் படிக்கத் தெரிந்தவர் படிக்கலாம். மோரியா வாசலில் கடவுச்சொல் வாசலிலேயே எழுதியிருக்கிறது, மந்திரவாதி கண்டால்ஃபுக்குத்தான் அது வெகுநேரம் உறைக்கவில்லை. அதாவது எழுத்தைப் பூட்டாகப் பயன்படுத்தும் எண்ணம் டோல்கீனுக்கு இல்லை. நிலவெழுத்தை வரைபடத்தின் பின்பக்கம் அச்சிட்டு, வாசகர் வெளிச்சத்தில் பிடித்தால் மட்டும் தெரியும்படி செய்ய அவர் விரும்பினார். அச்சில் அது நடக்கவில்லை. வெறும் புறக்கோட்டு எழுத்தாக முன்பக்கத்திலேயே போட்டுவிட்டார்கள்.

பெரிய கதைக்கு உண்மையான ரூன்கள் போதவில்லை. ஆங்கிலேயர் மண்ணில் பிறந்த எழுத்து மிடில்-எர்த் என்னும் வேறோர் உலகின் குள்ளர்களுக்கு எப்படி வந்தது என்ற கேள்விக்கு விடை இருக்காது. எனவே 'லார்ட் ஆஃப் த ரிங்ஸ்' நூலுக்காக டோல்கீன் 'கிர்த்' என்னும் எழுத்தை அமைத்தார். பார்வைக்கு ரூன் போலவே இருக்கும், பல குறிகள் வடிவிலும் ஒன்றே, ஒலிகள் வேறு. கதையின்படி இதை முதலில் செய்தவர்கள் பெலெரியாண்டின் சிந்தார் எல்ஃபுகள், மரத்திலும் கல்லிலும் பெயர் வெட்டுவதற்காக. டோரியாத் அரசின் பாணரான டேரோன் அதை ஒழுங்குபடுத்தி விரித்தார். பிறகு அது குள்ளர்களுக்குப் போய், மோரியாவில் ஒரு வழக்காகவும் புதையல் மலையான எரெபோரில் இன்னொரு வழக்காகவும் திரிந்தது.

டேரோனின் ஒழுங்கில்தான் இந்த எழுத்தின் உயிர் இருக்கிறது. ஒரு தண்டு, அதில் ஒரு கிளை: 'ப்' என்னும் வல்லொலி. கிளையில் இன்னொரு கோடு சேர்த்தால் குரல் சேரும்: தொண்டை அதிரும் 'ப்', ஆங்கிலத்தின் 'பி'. குறியைத் திருப்பிப் போட்டால் வெடிப்பொலி உரசொலியாகும்: 'ஃப்'. திருப்பிப் போட்டதில் ஒரு கோடு சேர்த்தால் 'வ்'. தண்டின் இரண்டு பக்கமும் கிளை வைத்தால் மூக்கொலி: 'ம்'. அடுத்த வரிசை நுனிநாக்கு ஒலிகளுக்கு. அடிப்படை வடிவம் மாறும், விதிகள் மாறா. விதி தெரிந்தவர் ஒரு வரிசையில் ஒரு குறியைக் கண்டுபிடித்தாலே அதன் சகோதரர்களையும் ஊகிக்கலாம். ஆங்கில எழுத்து 26க்கு 26 விநோதக் குறிகளை நேருக்கு நேர் வைத்து, அதையே தொல்லெழுத்து என்று விற்கும் கதைகளும் கணினி விளையாட்டுகளும் ஏராளம். அவற்றில் 'கே' குறிக்கும் 'ஜி' குறிக்கும் உறவு இருக்காது. ஒரு மாலைப்பொழுதில் உடைத்துவிட்டால் அதற்குப் பிறகு பார்க்க ஒன்றுமில்லை. கிர்த்தை உடைத்தவருக்கு அதற்குள் ஓர் ஒலியிலக்கணம் கிடைக்கிறது.

ஒழுங்கைக் கட்டியபின் டோல்கீன் அதைச் சற்றே கெடுத்தும் வைத்தார், அதுவே அவருடைய கெட்டிக்காரத்தனம். நூலின் பின்னிணைப்புப் பட்டியலில் 12ஆம் குறி டேரோனின் முறையில் 'ந்'. மோரியாக் குள்ளர்கள் அதையே 'ர்' ஒலிக்கு எடுத்துக்கொண்டார்கள்; 'ந்' ஒலிக்கு 22ஆம் குறியைப் போட்டார்கள். விதிப்படி பார்த்தால் தவறு. ஆனால் கடன் வாங்கிய எழுத்தை வாங்கியவர்கள் தங்கள் நாக்குக்கு ஏற்பத் திருத்திக்கொள்வது மெய்யான எழுத்துகளின் வரலாற்றில் எங்கும் காணக்கூடியது. பிசகில்லாத எழுத்து ஒருவர் மேசையில் உட்கார்ந்து செய்தது போலிருக்கும். பிசகுள்ளது பல தலைமுறை கைமாறி வந்தது போலிருக்கும்.

இரண்டாவது எழுத்தான தெங்வார் பேனாவுக்கு உரியது; வளைவுகள் நிறைந்தது. கதையில் அதைச் செய்தவர் ஃபெயனோர். அதற்கு முன் ரூமில் செய்த பழைய எழுத்து ஒன்று இருந்ததாகவும் சொல்லப்படுகிறது. முதன்மை எழுத்துகள் 24: ஒலி பிறக்கும் இடத்தைக் கொண்டு நான்கு வரிசை, பிறக்கும் முறையைக் கொண்டு ஆறு படி. ஒவ்வோர் எழுத்துக்கும் ஒரு தண்டு, ஒரு வில். வில்லை இரட்டித்தால் குரலொலி. தண்டை மேலே தூக்கினால் உரசொலி. உயிரொலிகள் மெய்யின் தலைமேல் ஏறும் சிறு குறிகள். சொற்கள் பெரும்பாலும் உயிரில் முடியும் குவென்யா என்னும் எல்ஃப் மொழியில் அந்தக் குறி முந்திய மெய்யின் மேல் உட்காரும். மெய்யில் முடியும் இன்னோர் எல்ஃப் மொழியான சிந்தாரினில் பிந்திய மெய்யின் மேல். தமிழ் வாசகருக்கு இந்தப் பகுப்பு அந்நியமாக இருக்காது. க, ச, ட, த, ப என்று பிறப்பிடத்தைக் கொண்டே அடுக்கிய நெடுங்கணக்கைப் படித்து வளர்ந்தவர்களுக்கு நான்கு வரிசை ஆறு படி சட்டென்று பிடிபடும். ஒரு வேறுபாடு உண்டு: நம் எழுத்தில் ஒழுங்கு வரிசையில்தான், வடிவில் இல்லை, 'க' வடிவத்தில் இருந்து 'ங' வடிவத்தை வருவிக்க முடியாது. வடிவத்திலேயே ஒலியியலை ஏற்றிய மெய்யான எழுத்து கொரியாவின் ஹங்குல். செஜோங் மன்னர் காலத்தில் 1446இல் வெளியிடப்பட்டது.

தெங்வார் எழுத்துகளுக்கு நிலையான ஒலி கிடையாது. எந்த மொழிக்கு எழுதுகிறோமோ அதற்கேற்ப ஒலிமதிப்பு மாறும். அதனால் ஒரே எழுத்தில் எல்ஃபுகளின் பாட்டையும் எழுதலாம், மோதிரத்தில் இருக்கும் கொடுங்கோலனின் கறுப்பு மொழியையும் எழுதலாம். உடைக்க வருபவருக்கு இது பெருந்தொல்லை. குறியைக் கண்டுபிடித்தால் போதாது, எந்த மொழிக்கான வழக்கு என்றும் கண்டுபிடிக்க வேண்டும்.

இனி வாசகர் கையில் சாவி எப்படி வந்தது என்பது. முதல் பாகம் 1954 ஜூலையில் வந்தது. எழுத்து அட்டவணைகள் கொண்ட பின்னிணைப்பு 1955 அக்டோபரில், மூன்றாம் பாகத்தோடுதான் வந்தது. இடையில் ஓராண்டுக்கு மேல் வாசகரிடம் அட்டவணை இல்லை. ஆனால் முதல் பாகத்திலேயே ஒரு ரோசெட்டாக் கல் இருந்தது: மோரியாவில் பேலினின் கல்லறை. மேல் வரிகள் குள்ளர் மொழியில், கீழ் வரி ஆங்கிலத்தில், இரண்டும் கிர்த்தில். ஃபுண்டினின் மகன், மோரியாவின் தலைவன் பேலின் என்பது பொருள். கதைமாந்தர் அதை வாய்விட்டே படித்துவிடுகிறார். பேலின், ஃபுண்டின் என்ற பெயர்கள் இரண்டு மொழியிலும் மாறாமல் வருகின்றன. எகிப்தியச் சித்திர எழுத்தை 1822இல் ஷாம்போலியன் உடைத்ததற்குத் தொடக்கமாக இருந்தவையும் அரசர் பெயர்களே. கல்லறையை உற்றுப் பார்ப்பவருக்கு இன்னொரு துப்பும் கிடைக்கும். ஆங்கிலத்தின் 'ஆஃப்' அங்கே எழுத்துக்கூட்டல்படி இல்லை, உச்சரிப்புப்படி 'வ்' ஒலியில் முடிகிறது. ஃபுண்டின் பெயரின் முதல் குறியையும் இதையும் பக்கத்தில் வைத்துப் பார்த்தால், 'ஃப்' குறியில் ஒரு கோடு சேர்த்தது 'வ்' என்பது தெரியும். டேரோனின் விதி கல்லறையிலேயே கிடக்கிறது.

தலைப்புப் பக்கத்தின் கிர்த் வரியை இந்தக் கல்லறை கொண்டே பெரும்பாலும் படித்துவிடலாம்: இது 'செம்புத்தகத்தில்' இருந்து மொழிபெயர்க்கப்பட்ட 'லார்ட் ஆஃப் த ரிங்ஸ்' என்று அது சொல்கிறது. கீழே தெங்வாரில் ஓடும் வரிகள் ஆசிரியர் பெயரையும், மோதிரப் போரின் வரலாறு ஹாபிட்களின் பார்வையில் சொல்லப்படுவதையும் அறிவிக்கின்றன. அங்கே 'தி', 'ஆஃப்' போன்ற சிறுசொற்களுக்குத் தனித்தனிச் சுருக்கக் குறிகள் இருப்பதால் பின்னிணைப்பு இல்லாமல் அதைப் படிப்பது கடினம்.

'மொழிபெயர்க்கப்பட்ட' என்ற அந்தச் சொல்லில்தான் டோல்கீன் மாட்டிக்கொண்டார். கதையின் அடித்தளப் பாவனை என்னவென்றால், மூலம் வெஸ்ட்ரான் என்னும் பழைய மொழியில் இருக்கிறது. டோல்கீன் அதை ஆங்கிலமாக்கியவர் மட்டுமே. அப்படியானால் தலைப்புப் பக்கத்தில் மொழிபெயர்ப்பாளர் ஆங்கிலத்தைக் கிர்த்தில் எழுதி விளையாடலாம், கேள்வியில்லை. மோரியாவில் வாழ்ந்த குள்ளர்கள் எழுதியது ஆங்கிலமாக எப்படி இருக்க முடியும்? கல்லறையின் கீழ் வரி ஏற்கெனவே இந்தச் சிக்கலில் இருக்கிறது. மஸர்புல் புத்தகத்தில் அது முற்றியது. மோரியாக் குள்ளர்களின் கடைசி நாட்குறிப்பான அந்தப் புத்தகத்தின் மூன்று பக்கங்களை டோல்கீன் தம் கையாலேயே செய்தார். தாளின் ஓரத்தைப் புகைக்குழாய் நெருப்பால் கருக்கினார், கிழித்தார், ரத்தக்கறைக்குச் சிவப்புச் சாயம் பூசினார், தைத்த புத்தகத்திலிருந்து பிய்ந்தது போலத் தோன்ற ஓரத்தில் துளையிட்டார். ரூன்களும் தெங்வாரும் கலந்த அந்தப் பக்கங்களின் மொழி ஆங்கிலம். வண்ண அச்சு செலவு பிடிக்கும் என்று பதிப்பகம் அவற்றை விட்டுவிட்டது. முதுமையில் எழுதிய ஒரு கட்டுரையில், தொல்பொருளின் நகலை ஆங்கிலத்தில் செய்தது பிழை என்று டோல்கீனே ஒப்புக்கொண்டார். அக்கட்டுரை 1996இல், அவர் மறைந்து 23 ஆண்டுகளுக்குப் பின் அச்சானது.

பாவனையின் கணக்குப்படி அது பிழைதான். வாசகர் கணக்கு வேறு. அந்தப் பக்கங்கள் உண்மையான வெஸ்ட்ரானில் இருந்திருந்தால் ஒருவராலும் உடைத்திருக்க முடியாது. அட்டவணையை வைத்துக்கொண்டு ஒலிகளை உச்சரித்துப் பார்த்துவிட்டு ஓய்ந்திருப்பார்கள். ஆங்கிலமாக இருந்ததால்தான், கருகிய தாளில் பாதி அழிந்த சொல்லை வாசகர் ஊகித்து நிரப்ப முடிகிறது. உடைபடுவதற்காகச் செய்யப்பட்ட எழுத்துக்கு இந்தப் பிழை தேவையாகவே இருந்தது. 2004இல் வந்த ஐம்பதாம் ஆண்டுப் பதிப்பில் மூன்று பக்கங்களும் வண்ணத்தில் சேர்க்கப்பட்டன.

கணினி யுகத்தில் இந்த எழுத்துகளின் நிலை பாதியளவே தீர்ந்திருக்கிறது. 2014இல் வெளியான யூனிகோட் 7.0 தரத்தில் ரூன் பகுதிக்கு எட்டுப் புதிய குறிகள் சேர்ந்தன. அவற்றில் மூன்று, பழைய ரூன்களைக் கொண்டு இக்கால ஆங்கிலத்தை எழுத டோல்கீன் கையாண்டவை: 'க்', 'ஷ்', 'ஊ' ஒலிகளுக்கானவை. அவற்றை அடுத்து நிற்கும் ஐந்தும் 8ஆம் நூற்றாண்டின் ஃபிராங்க்ஸ் பேழையில் இருந்து வந்தவை. திமிங்கில எலும்பில் செதுக்கிய அந்தப் பேழையின் பெரும்பகுதி பிரிட்டிஷ் மியூசியத்தில் இருக்கிறது. வலப்பக்கப் பலகை ஃபுளோரன்ஸ் நகரின் பார்ஜெல்லோ அருங்காட்சியகத்தில். அந்தப் பலகையைச் செதுக்கியவர் உயிரெழுத்துகளுக்கு வழக்கமான ரூன்களை விட்டுவிட்டு வேறு குறிகளைப் போட்டிருந்தார். இது மெய்யான பழங்கால மறையெழுத்து. கிர்த்துக்கும் தெங்வாருக்கும் யூனிகோட் தரத்தில் இன்னும் இடம் ஒதுக்கப்படவில்லை.